கோப்பை கழுவியவர்களின் அரிவரி

போன கிழமை சுவிற்சர்லாந்தின் பாடன் நகரில் ஒரு சிறிய நூதனசாலையிலிருந்து என்னை வெளியே போகச் சொன்னார்கள். மரியாதையாகத்தான் சொன்னார்கள். இந்த நாட்டில் எதையும் மரியாதையாகத்தான் சொல்வார்கள். திருப்பித் திட்டவும் வழியிருக்காது. எண்பதை நெருங்கும் ஒருவன், கோட்டும் தொப்பியும் போட்டவன், ஒரு கண்ணாடிப் பெட்டியைக் கைத்தடியால் தட்டித் தட்டித் தன் பாஷையில் சத்தம் போட்டால் வேறு என்னதான் செய்வார்கள்? காவலுக்கு நின்ற பெண் என் முழங்கையை மெல்லப் பிடித்து, வெளியே நல்ல காற்று இருக்கிறது என்றாள். வெளியே மழை பெய்துகொண்டிருந்தது.

பெட்டிக்குள் இருந்தது குழந்தைகளுக்கான ஒரு பழைய ஜேர்மன் அரிவரி. அரிவரி எங்கள் பக்கத்துச் சொல். எழுத்துப் பழகும் முதல் வகுப்புக்கும் அந்த வகுப்பின் புத்தகத்துக்கும் அதுதான் பெயர். பத்தொன்பதாம் நூற்றாண்டு என்று பக்கத்துச் சீட்டில் போட்டிருந்தது. கையால் நிறம் தீட்டிய படங்கள். எழுத்துக்கு ஒரு தொழிலாளி. ரொட்டி சுடுகிறவர், சப்பாத்துத் தைக்கிறவர், பீப்பா செய்கிறவர். விரித்து வைத்திருந்த பக்கத்தில் ஒரு சலவைக்காரி சட்டைக் கையை முழங்கைக்கு மேலே சுருட்டிக்கொண்டு, ஆவி பறக்கும் தொட்டிக்குள் குனிந்து நின்றாள். எனக்குப் பக்கத்தில் ஒரு தாய் தன் சிறிய மகளைத் தூக்கிக் காட்டினாள். "பார், உன் பூட்டியும் இந்த ஊரில் இப்படித்தான் துணி வெளுத்தாள்" என்றாள். அந்தக் குரலில் அப்படி ஒரு பெருமை. மகள் கண்ணாடியில் மூக்கை அழுத்திப் பார்த்தாள்.

அங்கேதான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அந்தத் தாயின் மேல் எனக்கு என்ன கோபம்? அவர்கள் தங்கள் சலவைக்காரிக்கு ஓர் எழுத்தைக் கொடுத்து, அதை நூறு வருடத்துக்கு மேல் பத்திரமாக வைத்திருந்து, இன்று பிள்ளைக்குக் காட்டுகிறார்கள். எங்கள் ஆளுக்கும் ஓர் எழுத்துக் கிடைக்க இருந்தது. அதைப் பறித்தவன் நான். என்னைத் தட்ட முடியாததால் கண்ணாடியைத் தட்டினேன்.

உங்களிடம் நேரே சொல்லிவிடுகிறேன். இந்த வயதில் சுற்றி வளைக்க மூச்சில்லை என்று சொல்லிக்கொண்டே சுற்றி வளைக்கத்தான் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். பாடனில் எங்கள் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்காக ஓர் அரிவரி செய்தோம். அதில் வரவேண்டிய ஒரு படத்தை நான் வரவிடவில்லை. வரவிடாமல் செய்த கையோடு, ஒரு மனிதர் தன் மகளுக்குச் சொன்ன உண்மையையும் பொய்யாக்கினேன். இவ்வளவுதான் விஷயம்.

அந்தச் சலவைத் தொட்டியின் ஆவியை மூன்று சுருளாக வரைந்திருந்தார்கள். வரைந்தவன் ஆவிக்குள் வேலை செய்ததில்லை என்று பார்த்தவுடனேயே தெரிந்தது. உண்மையான ஆவி சுருளாது. ஈரத்துணியைப் போல முகத்தில் வந்து ஒட்டும். எலுமிச்சை வாசம் என்று போத்தலில் எழுதியிருக்கும் சவர்க்காரம், அதற்குக் கீழே கருகிய சீஸ், அதற்கும் கீழே முந்தின நாள் கொழுப்பு. எண்பதுகளின் நடுவில், அகதி விண்ணப்பம் கொடுத்துவிட்டு முடிவுக்காகக் காத்திருந்த காலத்தில், பாடன் ஸ்டேசனுக்குக் கிட்ட ஒரு ஹோட்டல் குசினியில் நான் கோப்பை கழுவினேன். எங்கள் ஆட்களில் முக்கால்வாசிப் பேர் இந்த நாட்டுக்குள் நுழைந்த வாசல் அதுதான். பக்கத்துத் தொட்டியில் நின்றவர் குலம். குலசிங்கம் முழுப்பெயர். என்னைவிட நன்றாக இளையவர், மெலிந்தவர், வாய் ஓயாதவர்.

ஃபொண்டு என்று சீஸை உருக்கிச் சட்டியோடு மேசைக்குக் கொண்டுபோவார்கள், தெரியுமல்லவா? சாப்பிடுகிறவர்களுக்கு அது கொண்டாட்டம். கழுவுகிறவனுக்கு அது தண்டனை. நான் கொதிநீரை ஊற்றுவேன். சீஸ் பசையாகிச் சட்டியைப் பிடித்துக்கொள்ளும். குலம் எட்டிப் பார்த்துச் சிரிப்பார்.

"அண்ணை, இது பட்டதாரி கழுவின சட்டி எண்டு பாத்த உடனை தெரியுது."

"ஏனாம்?"

"உள்ளுக்கை அப்பிடியே இருக்கு. வெளியில மட்டும் மினுங்குது."

நான் ஊரில் பெயர்போன ஒரு பள்ளிக்கூடத்தில் சரித்திரமும் தமிழும் படிப்பித்தவன். அந்தப் பகிடிக்கு அன்று நானும் சிரித்தேன். ஆனால் ஊருக்கு எழுதும் கடிதங்களில் "ஹோட்டலில் வேலை" என்று மட்டும் எழுதினேன். பொய்யில்லைத்தானே? வாசித்தவர்கள் மனேஜர் என்று எடுத்துக்கொண்டார்கள். நான் திருத்தவில்லை. பிறகு கலியாணம் முடித்து மனைவி வந்தபோதும், பிள்ளைகள் பிறந்தபோதும் திருத்தவில்லை. நான் ஒருவன்தான் இப்படி என்று நினைத்துவிடாதீர்கள். அந்த நாட்களில் இந்த நாட்டில் இருந்த தமிழர்கள் எல்லோரும் எழுதிய கடிதங்களைச் சேர்த்து வாசித்திருந்தால், சுவிற்சர்லாந்தில் ஹோட்டல்களை நடத்துவதே நாங்கள்தான், கோப்பைகள் தாமாகவே கழுவிக்கொள்கின்றன என்றுதான் தோன்றியிருக்கும்.

எனக்கு அனுமதி கிடைத்தது. ஜேர்மன் படித்து மொழிபெயர்ப்பாளன் ஆனேன். கழுத்துப்பட்டி கட்டினேன். குலம் அந்தக் குசினியிலேயே நின்றார். பிறகு பிள்ளைகளுக்காகச் சனிக்கிழமைகளில் தமிழ்ப் பள்ளிக்கூடம் தொடங்கினோம். நான் அதற்குப் பொறுப்பானேன். குலம் தன் மகள் ஆரணியைக் கையில் பிடித்துக் கூட்டிவந்த முதல் நாள் வாசலில் நின்று, "வணக்கம் மாஸ்டர்" என்றார். அதுவரை அண்ணை. அந்த நாளிலிருந்து மாஸ்டர். நான் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்: என்ன குலம், எனக்கு நீர் மாஸ்டர் எண்டோ சொல்லுறது? சொல்லவில்லை. அந்தச் சொல் எனக்குச் சுகமாக இருந்தது. அவர் எனக்காக அந்தக் குசினிக் கதவை மெல்லச் சாத்திவிட்டுப் போனதை இன்றுதான் உணர்கிறேன்.

இனி 2009க்கு வருகிறேன். அந்த மே மாதத்துக்குப் பிறகு வந்த சனிக்கிழமைகளைப் பற்றி எழுத எனக்குத் தெம்பில்லை. தெருவில் நின்று கத்தித் தொண்டை கட்டிய பெற்றோர்கள் வகுப்பறைக்கு வெளியே வாங்குகளில் பேசாமல் இருந்தார்கள். பிறகு ஒருநாள் யாரோ சொன்னார்கள், நாடுதான் இல்லையென்று போச்சு, எழுத்தாவது பிள்ளைகளிடம் நிற்கட்டும் என்று. அப்படித்தான் சொந்தமாக ஓர் அரிவரி செய்யும் எண்ணம் வந்தது. அதுவரை எங்கள் பிள்ளைகள் வெளியிலிருந்து வந்த புத்தகங்களில் படித்தார்கள். ஏ என்றால் ஏர். ஏர்ப் படத்துக்கு நேரே ஒரு பிள்ளை ஜேர்மனில் "ஷ்லிட்டன்" என்று எழுதிவைத்திருந்தது. பனியில் சறுக்கிப்போகும் வண்டிக்கு அதுதான் பெயர். அந்தப் பிள்ளையை நான் எப்படித் திருத்துவது? பார்த்தால் எனக்கே அப்படித்தான் இருந்தது.

ஔவுக்கு எந்தப் புத்தகத்தைத் திறந்தாலும் இரண்டே பேர்தான். ஒன்று ஔவை, இல்லையென்றால் ஔடதம். நூறு வருடமாக எங்கள் பிள்ளைகள் ஒரு கிழவியையும் ஒரு மருந்துப் போத்தலையும் மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

ஆரணி அப்போது சூரிச்சில் ஓவியம் படித்துக்கொண்டிருந்தாள். எங்கள் பள்ளிக்கூடத்தில் படித்து வளர்ந்த பிள்ளை. படங்களை அவளிடமே கொடுப்போம் என்றேன். ஒரு சனிக்கிழமை வகுப்பு முடிந்ததும் வந்தாள். படிக்கும் இடத்தின் நூலகத்திலிருந்து பழைய ஜேர்மன் அரிவரிகளின் படங்களைப் பெரிதாக்கிப் பிரதியெடுத்து வந்திருந்தாள். நான் அந்தத் தொழிலாளிகளை முதலில் பார்த்தது அன்றுதான், பிள்ளைகளின் சின்ன மேசையில், முழங்கால் இடிக்க உட்கார்ந்து. அவள் ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டு வந்து எம் என்ற எழுத்தில் நின்றாள். அந்தக் காலத்து ஜேர்மனில் கறுப்பரைக் குறித்த சொல்லின் முதல் எழுத்து அது. கறுப்பு மனிதன் ஒருவன். இடுப்பில் இறகுப் பாவாடை, காதில் பெரிய வளையம், தடித்துச் சிவந்த உதடு.

"மாஸ்டர், வடிவாப் பாருங்கோ. பேக்கரிக்காரற்றை கையில பாண் இருக்கு. சப்பாத்துக்காரற்றை கையில சுத்தியல். எல்லாற்றை கையிலயும் என்னவோ ஒண்டு இருக்கு. இவற்றை கையில மட்டும் ஒண்டுமில்லை. சும்மா நிக்கிறார். பாக்கிறதுக்கெண்டு நிப்பாட்டி வைச்சிருக்கினம்."

"அதுக்கு நாங்கள் என்ன செய்யிறது பிள்ளை?"

"எங்கட புத்தகத்தில எல்லாற்றை கையிலயும் சாமான் இருக்கவேணும்."

போன கிழமை நூதனசாலையில் அடுத்த பெட்டியிலும் அந்தக் கறுப்பு மனிதன் இருந்தான், இன்னொரு புத்தகத்தில். அவனுக்குக் கீழே ஒரு சிறிய சீட்டு. இது அந்தக் காலத்துப் பார்வை, இன்று ஏற்கத்தக்கதல்ல என்று. காலத்தின் தலையில் போட்டுவிட்டுப் போய்விட்டார்கள். காலமா தூரிகையைப் பிடித்தது? யாரோ ஒருவன் காலையில் எழும்பி, கோப்பி குடித்து, மேசையில் இருந்து அந்தச் சொண்டைத் தீட்டினான். என் விஷயத்திலும் காலத்தைக் காட்டித் தப்பிக்கலாம். அப்ப எங்கட சனம் அப்பிடித்தானே எண்டு சொல்லலாம். நான் அதைச் சொல்லப் போவதில்லை. பிடித்தது என் கை.

ஆனால் அன்று அவள் சொன்னது எனக்குப் பிடித்திருந்தது. "நல்ல யோசனை, செய்யும் பிள்ளை" என்று நான்தான் சொன்னேன். அனுமதி கொடுத்தவனும் நானே. அந்தக் குளிர்காலம் முழுக்க ஆரணி பெற்றோர்களின் பின்னால் திரிந்தாள். விடியமுதல் பனிக்குள் பத்திரிகை போடுகிறவரோடு போய் நின்று வரைந்தாள், ப அவருக்கு. முதியோர் இல்லத்தில் வேலை செய்யும் ஒரு தாய்க்கு மு. ஃ வரும் எஃகு என்ற சொல்லுக்கு, பாடன் தொழிற்சாலையில் எஃகு கடையும் ஒருவர். ஔடதத்தைக் கூட விடவில்லை: எங்கள் வதனா ரீச்சர் வாரநாட்களில் மருந்துக்கடை ஒன்றைத் துடைப்பவர், மருந்துத் தட்டுகளுக்கு முன்னால் தும்புத்தடியோடு அவரை நிறுத்தியிருந்தாள். கோ என்ற எழுத்துக்குக் கோப்பை. அதற்கு அவளுடைய அப்பா.

படங்களைப் பார்க்கும் கூட்டம் ஒரு சனிக்கிழமை பின்னேரம், பள்ளிக்கூட மண்டபத்தில். பள்ளிக்கூடச் சபைத் தலைவர் சூரிச்சின் ஓர்லிகோனில் கடை வைத்திருப்பவர். வரும்போதே ஒரு பெட்டி வடையோடு வந்தார். கூட்டத்தின் முதற்பாதி முழுவதையும் பு என்ற எழுத்து தின்றுவிட்டது. பு என்றால் புலி. அது அதுவரை யாருக்கும் சந்தேகமில்லாத விஷயம். இப்போது போடலாமா கூடாதா என்று இரண்டு பக்கமாகப் பிரிந்து கத்தினார்கள். போட்டால் வில்லங்கம் என்றார்கள். போடாவிட்டால் துரோகம் என்றார்கள். ஒருவர் புறா என்றார். இன்னொருவர், ஆரோட சமாதானம் பேசப் புறா விடுறீர் என்று எழும்பிவிட்டார். கடைசியில் வதனா ரீச்சர், "எல்லாருக்கும் பசிக்குது, புட்டெண்டு போடுங்கோ" என்றார். புட்டு ஏகமனதாக நிறைவேறியது. எங்கள் சரித்திரத்தில் ஏகமனதாக நிறைவேறியது அது ஒன்றுதான்.

அந்தச் சிரிப்போடு ஆரணி தன் தாள்களை மேசையில் பரப்பினாள். கறுப்புக் கோடு, அளவாக நிறம், அந்தப் பழைய புத்தகங்களின் சாயல். முதலில் எல்லோரும் மேசையைச் சுற்றிக் குனிந்தார்கள். பிறகு யாரோ, "ஐயோ, இது எங்கட மனுசியெல்லோ!" என்றார். வதனா ரீச்சர் தன் படத்தைத் தூக்கிப் பிடித்து, "பாருங்கோவன், தும்புத்தடியோடயும் நான் வடிவாத்தான் இருக்கிறன்" என்றார். பெண்கள் ஒருவர் தோளுக்கு மேலால் ஒருவர் எட்டிப் பார்த்தார்கள். பத்திரிகை போடுகிறவர் தன் தொப்பி சரியாக வந்திருக்கிறதா என்று பார்த்தார். இதை நான் அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் பிறகு எல்லோரும், நானும், சனம் விரும்பவில்லை என்றுதான் சொன்னோம். சனம் விரும்பியது. நான் கண்ணால் கண்டேன்.

தலைவருக்கு மட்டும் முகம் ஒரு மாதிரியாக இருந்தது. "மாஸ்டர், நீங்கள்தான் சொல்லவேணும்" என்றார்.

நான் கோ என்ற தாளைக் கையில் எடுத்தேன். தொட்டிக்கு முன்னால் குலம், றப்பர் ஏப்பிரனோடு, வாய் திறந்து எதையோ சொல்லிக்கொண்டு. பக்கத்துத் தொட்டியில் இன்னொருவன். மெலிந்த முகம், அடர்ந்த மீசை, கையில் ஃபொண்டுச் சட்டி. அவன் நான். நாங்கள் இருவரும் கோட்டுப் போட்டு ஸ்டேசனடியில் நின்று எடுத்த பழைய போட்டோ ஒன்று குலத்திடம் இருந்திருக்கிறது. அதைப் பார்த்து வரைந்திருக்கிறாள். அவளுக்கு அது ஒரு மரியாதை. தனக்கு எழுத்துச் சொல்லித்தந்தவரும் தன் அப்பாவும் ஒரே தொட்டியடியில் நின்றவர்கள் என்று பிள்ளைகளுக்குக் காட்ட ஆசைப்பட்டிருக்கிறாள். எனக்கு அந்த இடத்தில் தெரிந்தது வேறு. வாசலில் என் மகன் நின்றான். வகுப்புப் பிள்ளைகள் வடை தின்றுகொண்டு நின்றார்கள். இந்தத் தாள் அச்சாகி ஒவ்வொரு வீட்டுக்கும் போகும்.

"பிள்ளை, இது அரிவரியோ, அகதி விண்ணப்பமோ?" என்றேன்.

நல்ல பகிடி. வாய்க்குள் சரளமாக வந்தது. மண்டபம் சிரித்தது. சிரிப்பு முடிந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. தலைவருக்குத் துணிவு வந்து, "அதுதானே! பிள்ளையள் டொக்டராகவேணும், இஞ்சினியராகவேணும். எங்கட மானத்தை நாங்களே விக்கிறதோ?" என்றார். வதனா ரீச்சர் தன் படத்தை மேசையில் வைத்தார். மெல்லக் கவிழ்த்து வைத்தார்.

குலம் தேநீர்ப் பாத்திரத்தடியில் நின்றார். மகளின் படங்களைப் பார்க்கவென்று வேலையில் அரைநாள் லீவு கேட்டு, ஸ்திரி போட்ட சட்டையோடு வந்திருந்தார். அவரும் எல்லோரோடும் சேர்ந்து சிரித்தார். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போதும் எனக்கு என் வாயில் நானே அறையவேண்டும் போலிருக்கிறது.

ஆரணி சிரிக்கவில்லை. என்னை நேராகப் பார்த்தாள். "மாஸ்டர், உங்கட படம் அதில இருக்கிறபடியாலயோ?"

"எது என்ரை படம்?"

"இது நீங்கள்தானே. அப்பாவோட நிண்டனீங்கள்தானே."

"ஆர் சொன்னது?"

அவள் திரும்பினாள். "அப்பா, நீங்கள்தானே சொன்னனீங்கள்?"

குலம் என்னைப் பார்த்தார். நான் சொல்லியிருக்கலாம். ஓம், நான்தான், சட்டியைச் சரியாகக் கழுவத் தெரியாதவன் என்று சொல்லியிருந்தால் மண்டபம் இன்னொரு தரம் சிரித்திருக்கும், புத்தகமும் வந்திருக்கும். நான் தாளைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அவர் மகள் பக்கம் திரும்பி, "அது நான் பகிடிக்குச் சொன்னது பிள்ளை" என்றார்.

"பகிடிக்கோ?"

"ஓம் பிள்ளை. மாஸ்டர் எங்கை, நான் எங்கை. எடு, எடு. மாஸ்டர் சொன்னாச் சரி."

தாள்களை அவரே கூட்டி எடுத்தார். கோப்பைகளை அடுக்குவதைப் போல, ஓரம் தட்டி, ஒன்றின்மேல் ஒன்றாக.

அடுத்த விஜயதசமிக்குப் புத்தகம் வந்தது. ஏடு தொடக்க வந்த பிள்ளைகளுக்கு அரிசித் தட்டோடு ஆளுக்கொன்று கொடுத்தோம். கணினியில் கிடைத்த படங்களை வைத்து நிரப்பியிருந்தோம்: வீணை, தாமரை, மயில். ஏ என்றால் மறுபடியும் ஏர். பளபளவென்று இருந்தது. முழுப் புத்தகத்திலும் ஒரு மனிதக் கை இல்லை. முன்னுரை நான் எழுதினேன். எங்கள் வாழ்வைப் பிரதிபலிக்கும் நூல் என்று எழுதியிருக்கிறேன். கூசாமல் எழுதியிருக்கிறேன்.

ஆரணி அதற்குப் பிறகு பள்ளிக்கூடத்துப் பக்கம் வரவில்லை. குலம் வந்தார். ஒவ்வொரு விழாவுக்கும் வந்து கதிரை அடுக்கினார், தேநீர் ஊற்றினார். "மாஸ்டர், சீனி காணுமோ?" என்று கேட்டார். ஒரு நாளாவது என்னை ஒதுக்கிக் கூட்டிப்போய், நீ மனுசனோ என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. எனக்கு அவர் மேலும் கோபம். அந்த மரியாதையை வைத்து என்னைப் பொத்திப் பொத்தி வைத்தார். நானும் அதற்குள் சுகமாகக் கிடந்தேன்.

இரண்டு வருடங்களுக்கு முன் குலம் இறந்தார். அவருடைய மனைவி என்னிடம்தான் வந்தார். "மாஸ்டர், மரண அறிவித்தலை நீங்கள் எழுதினால் வடிவாயிருக்கும்" என்றார். நான் எழுதினேன். எந்த ஊரில் பிறந்தார், எந்த ஊரில் வாழ்ந்தார், யாரின் அன்புக் கணவர், யாரின் பாசமிகு தந்தை, எல்லாம் எழுதினேன். அந்த மனிதர் வாழ்நாளெல்லாம் என்ன வேலை செய்தார் என்பது அதில் இல்லை. பேனா அந்த இடத்தில் தானாகவே தாண்டிப் போனது. நான் அப்போதும் திருந்தியிருக்கவில்லை என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

நூதனசாலையிலிருந்து வெளியே போட்ட மறுநாள் ரயிலேறி ஷாஃப்ஹவுசனுக்குப் போனேன். ஆரணி அங்கே இருக்கிறாள். பள்ளிக்கூடமொன்றில் பிள்ளைகளுக்குச் சித்திரம் படிப்பிக்கிறாள். முன்தலையில் இரண்டு மூன்று நரை. கதவைத் திறந்து என்னை யாரென்று பார்க்கக் கொஞ்ச நேரம் எடுத்தது. உள்ளே இருத்தித் தேநீர் தந்தாள். நான் தேநீரைத் தொடவில்லை. வழியெல்லாம் பாடமாக்கி வந்த வசனங்கள் ஒன்றும் வரவில்லை.

"பிள்ளை, அண்டைக்கு அப்பா பகிடிக்குச் சொல்லேல்லை. அது நான்தான். அவர் உண்மைதான் சொன்னவர்" என்றேன்.

அவள் கையிலிருந்த கோப்பையை மேசையில் வைத்தாள். அழவில்லை. சத்தம் போடவில்லை. சத்தம் போடுவாள் என்றுதான் போயிருந்தேன். அது எனக்கு வேண்டியும் இருந்தது.

"எனக்கு அது தெரியாது மாஸ்டர்" என்றாள். "நான் அவர் பொய் சொன்னவர் எண்டுதான் நினைச்சனான். எல்லாற்றை முன்னாலயும் என்னை வெக்கப்படுத்திப் போட்டார் எண்டு. அதுக்குப் பிறகு அவர் சொன்ன ஒண்டையும் நான் நம்பேல்லை. அவர் கதை தொடங்கினால், உதுவும் பகிடியோ எண்டு கேப்பன். முதலிலை சிரிச்சவர். பிறகு கதைக்கிறதை விட்டிட்டார். கடைசிக் காலத்தில ஏதும் சொல்லத் தொடங்கினாலும், என்ரை முகத்தைப் பாத்திட்டு, பகிடிக்கடி பிள்ளை எண்டு தானே சொல்லி நிப்பாட்டிப்போடுவார்."

படங்களைப் பற்றிக் கேட்டேன். வீடு மாறியபோது பழைய கடதாசிகளோடு நூலால் கட்டி வெளியே வைத்துவிட்டாளாம். நகரசபை வண்டி எடுத்துக்கொண்டு போய்விட்டது. இந்த ஊரில் அவை ஒழுங்காக வந்து ஒழுங்காக எடுத்துப்போகும்.

திரும்பவும் வரையலாமே என்றேன். என் முகத்தையும் போட்டு வரையும் பிள்ளை, முன்னுரையில் எல்லாவற்றையும் எழுதுகிறேன் என்றேன். சொல்லும்போதே எனக்கே அருவருப்பாக இருந்தது. அவள் தலையை ஆட்டினாள். பத்திரிகை போட்டவர் கட்டிலோடு கிடக்கிறார். எஃகு கடைந்தவர் மகனோடு லண்டனுக்குப் போய்விட்டார். வதனா ரீச்சர் என்னையே யாரென்று கேட்கிறார். அந்த அரிவரியைப் படித்த பிள்ளைகள் இன்று பெரிய உத்தியோகங்களில் இருக்கிறார்கள். தங்கள் தகப்பன்மார் ஹோட்டல்களில் வேலை செய்தவர்கள் என்று சொல்கிறார்கள்.

நான் எழும்பப் போனபோது ஆரணி கேட்டாள். "மாஸ்டர், உங்களோட நிண்ட காலத்தில அப்பா தன்ரை தம்பியைப் பற்றி ஏதும் சொன்னவரோ?"

"தம்பியோ?"

"தனக்கு ஒரு தம்பி இருந்தவர் எண்டு நான் சின்னப்பிள்ளையா இருக்கேக்கை சொன்னவர். கரித்துண்டால மதிலெல்லாம் படம் கீறுவாராம். என்ரை கை அவற்றை கைதானாம். பிறகு நான் பெரிசாகி ஒருக்காக் கேட்டன். அது சும்மா பகிடிக்குச் சொன்னது எண்டார். அம்மாவுக்கு ஒண்டும் தெரியாது, அவ பிறகு கலியாணம் முடிச்சு வந்தவ. ஊரில கேக்கிறதுக்கு இப்ப ஒருத்தரும் இல்லை. அப்பிடி ஒருத்தர் இருந்தவரோ மாஸ்டர்? பேரையாவது சொன்னவரோ?"

சொல்லியிருப்பார். நாள் முழுக்க ஒரே குசினியில் நின்றோம், அவர் வாய் ஒருநாளும் மூடியதில்லை. நான் தொட்டிக்கு மேலே சுவரில் ஜேர்மன் வினைச்சொற்களை ஒட்டிவைத்துப் பாடமாக்கிக்கொண்டிருந்தேன். "குலம், கொஞ்சம் பேசாமல் நில்லும், நான் படிக்கவேணும்" என்று சொன்னது நினைவிருக்கிறது. அந்த வினைச்சொற்கள் இன்றும் வரிசை மாறாமல் நினைவிருக்கின்றன. அவர் என்ன சொல்லிக்கொண்டிருந்தார் என்பதுதான் நினைவில்லை.